ஜியோவானியிடம் தோற்றுக்கொண்டே இருக்கிறீர்களா? வாசகர் கேள்வி பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் பெரும்பாலானவை ஒரே ஆளைப் பற்றித்தான். போக்கிமான் என்ற கற்பனை உயிரினங்களைப் போனில் பிடித்து மோதவிடும் போக்கிமான் கோ ஆட்டத்தில், டீம் கோ ராக்கெட் என்ற வில்லன் கும்பலின் தலைவன் ஜியோவானி. "எத்தனை தடவை மோதினாலும் தோற்கிறேன்" என்று சின்னப் பிள்ளைகள் முதல் வேலைக்குப் போகிறவர்கள் வரை எழுதியிருக்கிறார்கள். 2016 டிசம்பரில் இந்த ஆட்டம் இந்தியாவுக்கு வந்ததிலிருந்து ஆடுகிறவன் என்ற முறையில், இந்தப் பக்கம் முழுவதையும் அவனுக்கே கொடுத்துவிட்டேன். மற்ற ஆட்டங்களைப் பற்றிக் கேட்டவர்கள் அடுத்த இதழ்வரை பொறுத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: என்னிடம் இருப்பதிலேயே அதிக சி.பி. (பலத்தைக் காட்டும் எண்) உள்ள மூன்று போக்கிமான்களைத்தான் எடுத்துப் போகிறேன். டிராகனைட், ஸ்னார்லாக்ஸ், ரைபீரியர். மூன்றுமே மூவாயிரத்துக்கு மேல். டிராகனைட்டுக்கும் ஸ்னார்லாக்ஸுக்கும் ஹைப்பர் பீம் என்ற பலமான அடி இருக்கிறது. அப்படியும் முதலில் வரும் பெர்சியனே இரண்டைச் சாய்த்துவிடுகிறது. இதுவரை பதினொரு முறை தோற்றுவிட்டேன். லெவல் போதவில்லையா? (கல்லூரி மாணவர், கும்பகோணம்)

லெவல் போதும். ஆள் தேர்வுதான் சரியில்லை. ஜியோவானியோடு மோதும்போது சி.பி. எண்ணைக் கொஞ்ச நேரம் மறந்துவிடுங்கள். "இந்த போக்கிமான் எவ்வளவு பெரியது" என்று பார்க்காமல் "இதன் சார்ஜ்டு மூவ் எவ்வளவு சீக்கிரம் தயாராகும்" என்று பாருங்கள். சார்ஜ்டு மூவ் என்பது, திரையைத் தட்டித் தட்டிச் சேர்த்த எனர்ஜியைச் செலவழித்துப் போடும் பெரிய அடி. அந்த ஒரு கேள்வியை வைத்து அணியை மாற்றினாலே பாதி வேலை முடிந்துவிடும்.

காரணம் இதுதான். ஜியோவானியிடம் இரண்டு ஷீல்டு, அதாவது அடியைத் தடுக்கும் கேடயம், உண்டு. நீங்கள் போடும் முதல் இரண்டு சார்ஜ்டு மூவையும் அவன் ஷீல்டு வைத்துத் தடுப்பான். வருவது பலமான அடியா, லேசான அடியா என்றெல்லாம் பார்க்கமாட்டான், முதல் இரண்டு எதுவோ அதற்கு ஷீல்டு. இப்போது உங்கள் ஹைப்பர் பீமை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு தடவை போட 80 எனர்ஜி வேண்டும், இரண்டு ஷீல்டையும் உடைக்க 160. அவ்வளவு எனர்ஜியையும் நீங்கள் தட்டித் தட்டிச் சேர்க்கும் நேரமெல்லாம் பெர்சியன் சும்மா நிற்காது, உங்களைப் பிறாண்டிக்கொண்டே இருக்கும். அதே இடத்தில் மச்சாம்பின் கிராஸ் சாப்புக்கு 35 எனர்ஜி போதும். 70 எனர்ஜியில் இரண்டு ஷீல்டும் காலி, அதற்கப்புறம் விழுவதெல்லாம் நிஜமான அடி.

இன்னொரு விஷயமும் சேர்ந்துகொள்கிறது, இதுதான் பலருக்குத் தெரிவதில்லை. நீங்கள் ஒரு சார்ஜ்டு மூவைப் போட்டு முடித்ததும், அதை அவன் ஷீல்டு வைத்துத் தடுத்தாலும்கூட, எதிரி சில நொடிகள் அசையாமல் நின்றுவிடுவான். அந்த நேரத்தில் உங்கள் விரல் நிற்கக் கூடாது. தட்டிக்கொண்டே இருந்தால் அவன் திரும்ப அடிக்க ஆரம்பிப்பதற்குள் அடுத்த சார்ஜ்டு மூவுக்கான எனர்ஜி பெரும்பகுதி சேர்ந்திருக்கும். வேகமான மூவ் உள்ள போக்கிமான் ஜெயிப்பதன் ரகசியம் இதுதான். அடி பெரிதாக இல்லாவிட்டாலும் எதிரியை அடிக்கடி நிறுத்தி வைக்கிறது. ஹைப்பர் பீம் வைத்திருப்பவருக்கு அந்த வாய்ப்பு ஒரு சண்டையில் ஓரிரண்டு முறைதான் கிடைக்கும்.

அப்புறம் வகைப் பொருத்தம். உங்கள் டிராகனைட் டிராகன், பறக்கும் வகை. பெர்சியனிடம் பிளே ரஃப் இருந்தால் அது ஃபேரி அடி, பவர் ஜெம் இருந்தால் பாறை அடி, இரண்டுமே டிராகனைட்டுக்கு 1.6 மடங்கு வலிக்கும். பதினொரு தடவையும் முதல் ஆளாக அதைத்தான் இறக்கினீர்கள் என்றால் பதினொரு தடவையும் அதே கதைதான் நடந்திருக்கும்.

என்னுடைய முதல் வெற்றியைச் சொல்கிறேன், 2019 நவம்பரில், ஜியோவானி இந்த ஆட்டத்துக்குள் வந்த புதிதில். பேருந்து நிலையத்தை ஒட்டிய சின்னப் பிள்ளையார் கோயில்தான் அந்த போக்கிஸ்டாப், அதாவது ஆட்டத்தின் வரைபடத்தில் பொருட்கள் தரும் நிஜ இடம். அது கறுத்து, பக்கத்தில் அவன் நின்றுகொண்டிருந்தான். ஆட்டமே பரிந்துரைத்த மூன்றை வைத்து இரண்டு முறை தோற்றேன், போனில் சார்ஜ் வேறு இறங்கிக்கொண்டிருந்தது. மூன்றாவது முறை கோயில் திண்ணையில் உட்கார்ந்து நிதானமாக அணியை மாற்றினேன்: மச்சாம்ப், ஸ்வாம்பெர்ட், டைரனிட்டார். மச்சாம்ப் கவுன்ட்டர் என்ற சாதாரண அடியை அடிக்க அடிக்கத் திரையின் கீழே இருந்த வட்டம் அடியிலிருந்து நிறம் ஏறி வந்தது. நிரம்பியதும் அழுத்தினேன். விரலை நிறுத்தாமல் அடியின் பலத்தை ஏற்றினேன். அவன் ஷீல்டு போட்டான். பெர்சியன் அப்படியே நின்றது, நான் தட்டுவதை நிறுத்தவில்லை. வட்டம் மறுபடி நிரம்பியது, மறுபடி ஷீல்டு. மூன்றாவது கிராஸ் சாப் விழுந்தபோது தடுக்க அவனிடம் எதுவும் இல்லை. பெர்சியன் போனதும் ஹிப்போடன் வந்தது. அதற்கு ஸ்வாம்பெர்ட்டின் ஹைட்ரோ கேனன். கடைசியாக ஆர்ட்டிக்யூனோ, அது பனியும் பறத்தலும் சேர்ந்தது என்பதால் பாறை அடி 2.56 மடங்கு விழும், டைரனிட்டாரின் ஸ்மேக் டவுன் அதை நிற்கவே விடவில்லை. இரண்டு முறை என்னைத் துவைத்து எடுத்த அதே ஆள், அதே மூன்று போக்கிமான். என் பக்கம் மாறியது மூன்று பெயர்கள்தான், அவற்றில் ஒன்றுகூட என்னிடம் இருந்த பெரிய சி.பி. வரிசையில் முதலில் நின்றதில்லை.

ஆகவே உங்களுக்கு: டிராகனைட்டையும் ஸ்னார்லாக்ஸையும் உட்காரவையுங்கள். மச்சாம்ப் இருந்தால் எடுங்கள். லூகாரியோ இருந்தால் இன்னும் நல்லது. அது சண்டை வகையோடு இரும்பு வகையும் சேர்ந்தது, அதனால் பிளே ரஃப் மச்சாம்புக்கு வலிப்பதுபோல அதற்கு வலிக்காது, பெர்சியனின் பிறாண்டல் அதன்மேல் குறைந்தே இறங்கும், பவர் ஜெம் பாதி பலத்தோடுகூட இறங்காது. பவர்-அப் பஞ்ச் கற்ற லூகாரியோ என்றால் ஒவ்வொரு குத்துக்கும் அதன் தாக்குதல் பலம் ஏறிக்கொண்டே போகும், ஷீல்டில் பட்டாலும் ஏறும். ஷீல்டை உடைக்க அதைவிட நல்ல ஆள் எனக்குத் தெரிந்து இல்லை.

கேள்வி: சண்டை ஆரம்பித்ததும் உடனே ஆளை மாற்ற வேண்டும் என்று நண்பன் சொல்கிறான். எதற்கு என்று கேட்டால் அவனுக்கும் தெரியவில்லை. (ஐ.டி. ஊழியர், சென்னை)

நண்பர் சொல்வது சரிதான். மேலே சொன்ன அதே நின்றுபோகும் விஷயம்தான் இது. சார்ஜ்டு மூவ் போட்டால் எதிரி நிற்பதுபோல, நீங்கள் போக்கிமானை மாற்றினாலும் கொஞ்ச நேரம் நிற்பான். ஆகவே பெர்சியனை அடிக்கப்போகும் லூகாரியோவை முதல் இடத்தில் வைக்காமல் இரண்டாவது இடத்தில் வையுங்கள். சண்டை தொடங்கியதும் மாற்றும் பொத்தானை அழுத்தி அதைக் கொண்டுவாருங்கள். பெர்சியன் நிற்கும், நீங்கள் காசில்லாமல் சில அடிகள் வைத்துக்கொள்ளலாம், முதல் சார்ஜ்டு மூவுக்கு எனர்ஜியும் சேர்ந்துவிடும். ஒரு தடவை மாற்றினால் அடுத்து மாற்றுவதற்குக் கொஞ்ச நேரம் காத்திருக்க வேண்டும், அதற்குள் உங்கள் லூகாரியோ பெர்சியனை முடித்திருக்கும், கவலை இல்லை.

முதல் இடத்தில் சும்மா ஒப்புக்கு ஒன்றை வைத்துவிடாதீர்கள். அவனுடைய இரண்டாவது அல்லது மூன்றாவது போக்கிமானுக்கு எது தேவையோ அதை வையுங்கள். அதற்கு இன்னும் ஒரு கீறல்கூட விழுந்திருக்காது, சரியான நேரத்தில் இறங்கும்.

கேள்வி: பெர்சியனை எப்படியோ தாண்டிவிடுகிறேன். இரண்டாவதாக ஒருமுறை ரைபீரியர், ஒருமுறை கிங்ட்ரா, ஒருமுறை நிடோகிங் என்று ஏதேதோ வருகிறது. எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே ஆள் கிடையாதா? (இல்லத்தரசி, திருநெல்வேலி)

எல்லாவற்றுக்கும் ஒரே ஆள் கிடையாது, ஆனால் மூன்றில் இரண்டுக்கு உண்டு.

ஜியோவானி யார் என்று யோசித்தால் இது பிடிபடும். 1996இல் ஜப்பானில் வெளிவந்த முதல் போக்கிமான் ஆட்டங்களிலேயே அவன் விரிடியன் நகர ஜிம்மின் தலைவன், நில வகைக்காரன். டக்ட்ரியோ, நிடோகிங், ரைடன் எல்லாம் அப்போதே அவன் அணியில் இருந்தவை. போக்கிமான் கோ செய்தவர்களும் அந்தப் பழக்கத்தை விடாமல், நடுவில் பெரும்பாலும் நில வகையாகவே கொடுத்து வருகிறார்கள். நிலத்துக்கு நீர் எதிரி. ஸ்வாம்பெர்ட்டை எடுத்துக்கொண்டால் ரைபீரியருக்கு அதன் நீர் அடி 2.56 மடங்கு, ஏனென்றால் அது பாறையும் நிலமும் சேர்ந்தது. நிடோகிங்குக்கு 1.6 மடங்கு.

ஸ்வாம்பெர்ட் என்றால் ஹைட்ரோ கேனன் உள்ள ஸ்வாம்பெர்ட்தான். இதை அழுத்திச் சொல்கிறேன். அதற்கு 40 எனர்ஜி போதும், எர்த்குவேக்குக்கு 65 வேண்டும். ஸ்வாம்பெர்ட்டின் ஆரம்ப வடிவம் மட்கிப். 2019 ஜூலையில் மட்கிப் சமூக நாள் (ஒரே போக்கிமான் நிறைய வரும் சிறப்பு நாள்) நடந்தபோது வந்த மூவ் அது. அப்போது தவறவிட்டவர்கள், பழைய சமூக நாட்களைத் திரும்ப நடத்தும்போது அதில் மட்கிப்பும் இருந்தால் பரிணாமம் செய்யலாம், இல்லாவிட்டால் மூவை மாற்றும் அரிய பொருளான எலைட் சார்ஜ்டு டி.எம். செலவழிக்க வேண்டும். கையில் மட்கிப் இருக்கிறதே என்று இன்றைக்கே அவசரப்பட்டு மாற்றிவிடாதீர்கள்.

கிங்ட்ராதான் தொல்லை. நீரும் டிராகனும் சேர்ந்தது, அதற்கு பலவீனம் இரண்டே வகை: டிராகன், ஃபேரி. ஸ்வாம்பெர்ட்டின் நீர் அடி அதன்மேல் தடவிக்கொடுப்பதுபோல்தான் விழும். அதற்கு கார்டிவோர் அல்லது கிரான்புல், சார்ம் என்ற ஃபாஸ்ட் மூவோடு (எனர்ஜி செலவில்லாமல் தட்டும்போதெல்லாம் விழும் அடி). சார்ம் ஏன் என்றால், ஷீல்டு சார்ஜ்டு மூவை மட்டும்தான் தடுக்கும், ஃபாஸ்ட் மூவைத் தடுக்காது. சார்ம் ஃபாஸ்ட் மூவ்களிலேயே கனமானவற்றில் ஒன்று. அவனிடம் ஷீல்டு மிச்சம் இருந்தாலும் இல்லாவிட்டாலும் உங்களுக்கு ஒன்றும் இல்லை, தட்டிக்கொண்டே இருக்கலாம். சார்ஜ்டு மூவ் பொத்தானைத் தொடவே தேவையில்லாமல் நான் கிங்ட்ராவைச் சாய்த்திருக்கிறேன்.

கேள்வி: அங்கிள், நான் எட்டாம் வகுப்பு. என் லெவல் 24. என்னிடம் லூகாரியோ இல்லை, ஸ்வாம்பெர்ட் இல்லை, டைரனிட்டார் இல்லை. நான் ஜெயிக்கவே முடியாதா? (மாணவர், ஈரோடு)

முடியும் தம்பி. முதலில் ஒரு நல்ல செய்தி, ராக்கெட் கும்பலின் பலம் ஆடுகிறவரின் லெவலுக்கு ஏற்ப மாறும். உனக்கு எதிரே வரும் பெர்சியன், லெவல் 40இல் இருக்கும் உன் அண்ணனுக்கு வருவதைவிடச் சின்னது.

மச்சாப் அடிக்கடி கிடைக்கும், அதைப் பிடித்து மச்சோக் ஆக்கு. அங்கிருந்து மச்சாம்ப் ஆக்க 100 கேண்டி (அந்த இனத்தைப் பிடிக்கப் பிடிக்கச் சேர்வது) கேட்கும், அதற்காக மாதக்கணக்கில் உட்காராதே. பள்ளியில் ஆடும் நண்பன் ஒருவனோடு மச்சோக்கை மாற்றிக்கொள். அவனுடைய மச்சோக் உனக்கு, உன்னுடையது அவனுக்கு. அப்படி மாற்றி வந்த மச்சோக்கைக் கேண்டியே இல்லாமல் மச்சாம்ப் ஆக்கலாம், இரண்டு பேருக்குமே லாபம். ஃபாஸ்ட் மூவ் கவுன்ட்டர், சார்ஜ்டு மூவ் கிராஸ் சாப். வேறு ஏதாவது இருந்தால் டி.எம். வைத்து மாற்று.

ஸ்வாம்பெர்ட்டுக்குப் பதில் வேப்போரியன். அதன் முன் வடிவமான ஈவி எங்கேயும் கிடைக்கும், 25 கேண்டிதான். எதுவாக மாறும் என்ற பயம் இருந்தால் ஈவிக்கு ரெய்னர் என்று ஆங்கிலத்தில் பெயர் வைத்துவிட்டு மாற்று, ஒரே ஒரு தடவை நிச்சயம் வேப்போரியனாக வரும். அக்வா டெயில் என்ற மூவ் இருக்கிறதா என்று பார், அதுவும் 35 எனர்ஜிதான். கிங்ட்ரா வந்தால் ஸ்னப்புல்லை 50 கேண்டியில் கிரான்புல் ஆக்கி வைத்துக்கொள். இவை எதையும் காசு கொடுத்து வாங்க வேண்டாம், பலர் கூடி ஒரு பெரிய போக்கிமானோடு மோதும் ரெய்டுக்குப் போக வேண்டாம், தெருவில் நடந்தாலே கிடைப்பவைதான். பலம் ஏற்றச் செலவாகும் ஸ்டார்டஸ்டை இந்த மூன்றின் மேல் மட்டும் போடு. பத்துப் பன்னிரண்டுக்குப் பிரித்துப் போட்டால் ஒன்றும் உருப்படாது.

கேள்வி: மூன்றாவதாக வருவது லெஜண்டரி, அதாவது மிக அரிய, பலமான போக்கிமான். அது எது என்று முன்கூட்டித் தெரிந்தால்தானே அணி அமைக்க முடியும்? (வங்கி ஊழியர், கோயம்புத்தூர்)

முதல் சண்டையை வேவு பார்க்கும் சண்டையாக வைத்துக்கொள்ளுங்கள். அவன் இருக்கும் இடத்தைக் காட்டும் கருவியான சூப்பர் ராடார் தோற்றால் போய்விடாது, அவனை ஜெயித்தால்தான் அது செலவாகும். உடனே மறுபடி மோதலாம், அதே ஆள் அதே மூன்று போக்கிமானோடு அங்கேயே நிற்பான். ஆகவே முதல் தடவை இரண்டாவதும் மூன்றாவதும் என்ன என்று பார்த்துவிட்டு, அதற்குத் தகுந்தபடி மாற்றி வாருங்கள். விழுந்த போக்கிமான்களை எழுப்ப ரிவைவும், காயம் ஆற்ற போஷனும் வேண்டும், அதனால் ஜியோவானியைத் தேடிப் போகும் முன் பையில் தலா பத்தாவது வைத்துக்கொள்ளுங்கள்.

லெஜண்டரி காலத்துக்குக் காலம் மாறிக்கொண்டே இருக்கும். 2019 நவம்பரில் ஆர்ட்டிக்யூனோவில் தொடங்கி ஜாப்டாஸ், மோல்ட்ரெஸ், ரைக்கூ, என்டே என்று போய் 2020 ஜூலையில் மியூட்டூ வந்தது. அதற்கப்புறமும் நிறைய. பறவைகளில் ஆர்ட்டிக்யூனோ, மோல்ட்ரெஸ், அப்புறம் ஹோ-ஓ, இவை மூன்றுக்கும் பாறை 2.56 மடங்கு, ஆகவே டைரனிட்டார் ஸ்மேக் டவுனோடு. ஹீட்ரானுக்கு நிலம் அதே மாதிரி. க்ரூடானுக்கு நீரோ புல்லோ. கயோகருக்கு புல் அல்லது மின்சாரம். ரெஜிஸ்டீல், டியால்கா இரண்டுக்கும் சண்டை வகை விழும், அப்படி வந்தால் உங்களுக்கு யோகம்தான், ஏனென்றால் பெர்சியனை முடித்த லூகாரியோ உயிரோடு இருந்தால் அதுவே இதையும் பார்த்துக்கொள்ளும்.

இங்கே ஒரு நுணுக்கம். ஒரு எதிரி விழப்போகிற நேரத்தில், அதைச் சார்ஜ்டு மூவ் போட்டு முடிக்காதீர்கள். ஃபாஸ்ட் மூவிலேயே முடியுங்கள். சேர்த்த எனர்ஜி அப்படியே இருக்கும், 100 வரை சேரும், அடுத்த போக்கிமான் உள்ளே வந்ததும் அதன் தலையில் இறக்கலாம். எனக்கு இது கைப்பழக்கமாக வர ரொம்ப நாள் ஆயிற்று, வட்டம் நிரம்பியதைப் பார்த்தால் விரல் தானாகப் போய் அழுத்திவிடும்.

உங்களுடைய இரண்டு ஷீல்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. அவன் ஷீல்டு இரண்டும் உடைகிற வரை உங்கள் முதல் ஆளைச் சாகவிடக் கூடாது, அதற்கு ஒரு ஷீல்டு செலவானால் சந்தோஷமாகச் செலவழியுங்கள். இன்னொன்றை லெஜண்டரிக்கு வைத்திருங்கள். அதன் ஒரு சார்ஜ்டு மூவே நல்ல நிலையில் இருக்கும் போக்கிமானைத் தூக்கிவிடும்.

கேள்வி: சூப்பர் ராடார் கையில் இருக்கிறது. ஊரில் இருக்கும் மூன்று போக்கிஸ்டாப்பிலும் தேடிவிட்டேன். ஒருமுறை கிடைத்தான் என்று பார்த்தால் வேறு யாரோ வேஷம் போட்டு வந்தவன். (விவசாயி, தேனி மாவட்டம்)

வேஷக்காரனிடம் மோதியதில் நஷ்டம் ஒன்றுமில்லை, ராடார் போகாது. நிஜ ஜியோவானியா என்பதைக் கண்டுபிடிக்க ஒரே அடையாளம் போதும், முதலில் பெர்சியன் வந்தால் அவன்தான்.

போக்கிஸ்டாப் குறைவாக உள்ள ஊரில் இருப்பவர்கள் பலூனை நம்புங்கள். 2020 ஜூலையில் இருந்து ராக்கெட் பலூன்கள் வருகின்றன. ஆறு மணி நேரத்துக்கு ஒன்று, ஒரு நாளைக்கு நான்கு வரை. நீங்கள் இருக்கும் இடத்துக்கே வரும், வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்தும் பிடிக்கலாம். சூப்பர் ராடாரை மாட்டி வைத்துக்கொண்டு ஒவ்வொரு ஆறு மணி நேரப் பகுதியிலும் ஒரு தடவை ஆட்டத்தைத் திறந்து கொஞ்ச நேரம் காத்திருங்கள். காலையில் வயலுக்குப் போகும் முன் ஒருமுறை, மதியம் ஒருமுறை, இருட்டியதும் ஒருமுறை பார்த்தால் போதும். வரப்பில் நடந்துகொண்டே திரையைப் பார்க்காதீர்கள், பலூனை ஓரமாக உட்கார்ந்த பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

கேள்வி: என் மகன் இந்த ஆட்டத்தில் யாரையோ ஜெயிக்கப் பணம் கட்ட வேண்டும் என்கிறான். இன்னொரு பையன் வீட்டில் உட்கார்ந்தபடியே ஊர் ஊராகப் போகிற மாதிரி ஏதோ செயலி போட்டுத் தருகிறேன் என்கிறானாம். எதைச் செய்யலாம்? (தாயார், சேலம்)

இரண்டையும் செய்ய வேண்டாம் அம்மா. ஜியோவானியை ஜெயிக்க ஒரு ரூபாய்கூடத் தேவையில்லை. அவனைக் கண்டுபிடிக்கும் ராடார் ஆட்டம் கொடுக்கும் ஆராய்ச்சிப் பணிகளை முடித்தால் கிடைக்கும். மருந்தும் ரிவைவும் போக்கிஸ்டாப்பைச் சுழற்றினால் இலவசமாக விழும். மகன் அவசரத்தில் அப்படிச் சொல்லியிருப்பான், கோபித்துக்கொள்ளாதீர்கள், தோல்வி தொடர்ந்து வரும்போது காசு கொடுத்தாவது முடித்துவிடலாம் என்று பெரியவர்களுக்கே தோன்றும்.

அந்தச் செயலி இருப்பிடத்தைப் பொய்யாகக் காட்டுவது. ஆட்டத்தின் விதிப்படி அது ஏமாற்று. முதல் முறை பிடிபட்டால் எச்சரிக்கை, ஒரு வாரம் போலப் பல போக்கிமான்கள் கண்ணுக்கே தெரியாது. இரண்டாவது முறை ஒரு மாதம் கணக்கை முடக்குவார்கள். மூன்றாவது முறை கணக்கே போய்விடும். வருஷக்கணக்கில் பிடித்து வளர்த்த எல்லாம் ஒரே நாளில் போய், அழுதுகொண்டு எழுதிய பிள்ளைகளின் கடிதங்கள் என்னிடம் இருக்கின்றன. உங்களால் முடிந்தால் ஞாயிற்றுக்கிழமை மாலை அவனோடு ஒரு கிலோமீட்டர் நடந்து வாருங்கள். மேலே ஈரோட்டுத் தம்பிக்கு எழுதியதை அவனுக்குப் படித்துக் காட்டுங்கள், அவனுக்கும் அதே பதில்தான்.

கேள்வி: கடைசியில் ஜெயித்துவிட்டேன்! ஆனால் சண்டையில் மலை மாதிரி நின்ற லெஜண்டரி, பிடித்த பிறகு சுண்டைக்காய் சி.பி.யோடு இருக்கிறது. சுத்திகரித்தால் ஏறுமா? (ஆசிரியை, தஞ்சாவூர்)

வாழ்த்துகள், மனசார. சி.பி. குறைவாக இருப்பது எல்லோருக்கும் அப்படித்தான். ராக்கெட்காரர்களிடம் ஜெயித்துப் பிடிப்பது லெவல் 8இல் வரும், வானிலை சாதகமாக இருந்தால் 13இல். சண்டையில் பார்த்தது ஊதிக் காட்டிய உருவம்.

ராக்கெட்காரர்களிடமிருந்து வருவது நிழல் போக்கிமான், அதைச் சாதாரண போக்கிமானாக்குவதுதான் சுத்திகரிப்பு. சுத்திகரித்தால் ஏறும், லெவல் 25 ஆகிவிடும், தாக்குதல், தற்காப்பு, உயிர் என்ற மூன்று குணங்களிலும் இரண்டிரண்டு புள்ளி கூடும், பவர்-அப் செலவும் கொஞ்சம் குறையும். லெஜண்டரிக்கு 20,000 ஸ்டார்டஸ்டும் 20 கேண்டியும் பிடிக்கும். ஆனால் தயவுசெய்து உடனே செய்யாதீர்கள். நிழல் போக்கிமானாக இருக்கும்வரை அதன் அடி 20 சதவீதம் அதிகம். பதிலுக்கு வாங்கும் அடியும் அதிகம்தான், இருந்தாலும் ரெய்டுகளில் அடிக்கிற பலம்தான் பேசும், அங்கே நிழல் லெஜண்டரிகளுக்கு நிகராக நிற்பவை சிலதான். சுத்திகரித்துவிட்டால் திரும்ப நிழலாக்க வழியே கிடையாது. ஒரே ஒரு தடை, அதோடு ஒட்டிக்கொண்டு வரும் ஃப்ரஸ்ட்ரேஷன் என்ற உதவாத மூவ். ராக்கெட் கும்பல் ஆக்கிரமிக்கும் சிறப்பு நாட்கள் வரும்போது மட்டும் சாதாரண சார்ஜ்டு டி.எம். போட்டு அதை மாற்றலாம். அதுவரை அப்படியே வைத்திருங்கள். ஸ்டார்டஸ்டைச் சேர்த்துக்கொண்டே இருங்கள், நிழல் போக்கிமானுக்கு பவர்-அப் செலவு மற்றதைவிட 20 சதவீதம் கூடுதல்.

கேள்வி: ராடாரை இப்போதே பயன்படுத்தலாமா, இல்லை அடுத்த லெஜண்டரி வரும்வரை வைத்திருக்கலாமா? (வாசகர், புதுச்சேரி)

இப்போது இருப்பது உங்களிடம் ஏற்கெனவே உண்டு என்றால் வைத்திருங்கள், ராடார் கெட்டுப்போகாது. இல்லையென்றால் இன்றைக்கே போய் மோதுங்கள்.